கொப்ளர் வந்த வழி: வளைகுடாவில் ஒரு பழப் பணியாரத்தின் கதை

போன மாரியில் என் பேத்தி பள்ளிக்கூடத்தால் ஒரு தாள் கொண்டு வந்தாள். ஒவ்வொரு பிள்ளையும் தன் வீட்டுப் பலகாரம் ஒன்றைச் செய்து கொண்டு வரவேண்டும், அது எங்கிருந்து வந்தது என்று நாலு வரியும் எழுத வேண்டும். அரியதரம், பயித்தம் பணியாரம், சிப்பிப் பலகாரம் என்று அப்பம்மா அடுக்கிக்கொண்டு போனா. பேத்தி கேட்கவில்லை. "அப்பப்பா செய்யிற பெரிப்பழக் கொப்ளர்தான் எங்கட வீட்டுப் பலகாரம்" எண்டு ஒரே பிடியாய் நின்றாள்.

எனக்குச் சிரிப்பும் வந்தது, கொஞ்சம் கூச்சமும் வந்தது. கொப்ளர் அமெரிக்கரின் பண்டம். நான் அதைப் பழகினது அபுதாபிப் பாலைவனத்தில். பழக்கினவர் ஒரு கோவாக்காரர். இப்போது செய்து தின்பது ஜேர்மனியில். இதை எந்த நாட்டுப் பலகாரம் எண்டு பிள்ளை எழுதுவாள்? நாலு வரிக்குள் அடங்காத அந்தக் கதையைப் புத்தாண்டு மலருக்கு எழுதித் தாருங்கள் என்று சங்கத்துத் தம்பிமார் கேட்டபடியால் இதை எழுதுகிறேன். சமையற் குறிப்பு மட்டும் வேணும் எண்டு நினைக்கிற சகோதரிமார் கடைசிப் பகுதிக்குப் போகலாம். ஆனால் முழுவதையும் வாசித்தால் எனக்குச் சந்தோசம்.

கொப்ளர் என்பது என்ன?

ஒரு தட்டத்தில் பழங்களைச் சீனியோடு போட்டு, மேலே மாவைக் கட்டி கட்டியாய் வைத்து, போறணையில் வேகவிட்டு எடுப்பதுதான் கொப்ளர். கேக் மாதிரி முட்டை அடிக்கிற வேலை இல்லை, பை மாதிரி மாவை உருட்டித் தட்டுக்குள் விரிக்கிற வேலையும் இல்லை. ஐரோப்பாவில் இருந்து அமெரிக்காவுக்குப் போய்க் குடியேறினவர்களிடம் ஊரில் இருந்ததுபோல் செங்கல் போறணை இருக்கவில்லை. கால் வைத்த வார்ப்பிரும்புச் சட்டிதான் இருந்தது. அதைத் தணலில் வைத்து, விளிம்பு உயர்ந்த மூடியின் மேலும் தணல் போட்டு வேகவைத்தார்கள். எங்கள் ஊரில் மின்சாரம் வருவதற்கு முன் அம்மாமார் கேக் வேகவைத்ததும் இப்படித்தானே? சட்டிக்குக் கீழே தணல், மேலே தகரத்தில் தணல். முறை ஒன்றுதான், சட்டிதான் வேறு.

அந்த இரும்புச் சட்டிக்கும் ஒரு வரலாறு உண்டு. 1707ஆம் ஆண்டு இங்கிலாந்தில் ஏபிரகாம் டார்பி என்பவர் இரும்புப் பானைகளை மணல் அச்சில் வார்க்கும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். அதன் பிறகுதான் ஏழைக் குடும்பமும் வாங்கக்கூடிய விலைக்கு இரும்புச் சட்டி வந்தது. கொப்ளர் என்ற பெயர் 1839இல் லெற்றிஸ் பிறையன் என்ற பெண்மணி எழுதிய கென்ரக்கிச் சமையல் நூலிலேயே வந்துவிட்டது. வெந்து வந்த மாக்கட்டிகள் தெருவில் பதித்த உருளைக் கற்கள் மாதிரித் தெரிவதால் இந்தப் பெயர் வந்தது எண்டு சிலர் சொல்லுவினம். இன்றைக்கு நாங்கள் போடுகிற பேக்கிங் பவுடர் அதற்குப் பிறகு வந்தது. 1843இல் அல்பிரட் பேர்ட் என்ற ஆங்கில மருந்துக் கடைக்காரர், ஈஸ்ற் ஒத்துக்கொள்ளாத தன் மனைவிக்காக அதைச் செய்தார். கஸ்ரட் மாவைக் கண்டுபிடித்ததும் அதே மனுசன்தான்.

ஆகக் கொப்ளர் என்பது தொடக்கத்திலேயே ஊர் விட்டுப் போனவர்களின் சாப்பாடு. ஊரில் இருந்த சாமான் இல்லாதபோது, கையில் இருந்ததை வைத்துச் செய்தது.

எண்ணெய்க்கு முந்திய வளைகுடா

வளைகுடா என்றதும் இப்போது உயர்ந்த கட்டடங்கள்தான் ஞாபகத்துக்கு வரும். ஆனால் எண்ணெய்க்கு முன்னர் அந்தக் கரையோரம் எங்கள் மன்னார்க் கரையோரத்துக்குச் சகோதரம் மாதிரி. இரண்டிடத்திலும் முத்துக்குளிப்பு. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மரிச்சுக்கட்டியில் முத்துக்குளிப்பு நடந்தபோது வளைகுடாவில் இருந்து அரபுச் சுழியோடிகள் வந்து எங்கள் கடலில் மூழ்கினார்கள். எங்கட ஆக்கள் அங்கே கூலிக்குப் போவதற்கு எழுபது வருசம் முந்தியே அவர்கள் இங்கே கூலிக்கு வந்திருக்கிறார்கள். பின்னர் ஜப்பானின் வளர்ப்பு முத்தும், 1929இல் தொடங்கிய உலகப் பொருளாதார வீழ்ச்சியும் சேர்ந்து வளைகுடா முத்துத் தொழிலைப் படுக்கவைத்தன.

இன்னும் பின்னுக்குப் போனால் இபன் பதூதா. ஓமானையும் ஹோர்முசையும் பார்த்த அந்த மொறோக்கோப் பயணி 1344இல் இலங்கையில் கரையிறங்கியபோது சந்தித்தது யாழ்ப்பாணத்து ஆரியச்சக்கரவர்த்தியை. அரசருக்குப் பாரசீக மொழி விளங்கியது என்றும், அவர் முன்னால் முத்துக்கள் இருந்தன என்றும் பதூதா எழுதி வைத்திருக்கிறார். எங்கள் அரசசபையில் பாரசீகம் விளங்கியது என்றால் அந்தக் கடற்பாதையில் எவ்வளவு போக்குவரத்து இருந்திருக்க வேணும்!

பிறகு போர்த்துக்கேயர் வந்தார்கள். 1507இல் மஸ்கற், 1510இல் கோவா, 1515இல் ஹோர்முஸ், 1619இல் யாழ்ப்பாணம். ஒரே கூட்டம்தான். அவர்கள் யாழ்ப்பாணத்தை விட்டு 1658இல் போய்விட்டார்கள். ஆனால் பாண், போறணை, குசினி என்ற சொற்கள் எங்கள் வாயிலேயே தங்கிவிட்டன. இந்தச் சொற்கள் பின்னால் எனக்கு எப்படிக் கைகொடுத்தன என்பதைச் சொல்லுவன்.

அந்த நாளைய வளைகுடாவில் இனிப்பு என்றால் பேரீச்சம்பழம்தான். பழத்தை ஓலைப்பாயில் பொதி செய்து, சரிவான தரையுள்ள அறைகளில் ஒன்றின்மேல் ஒன்றாய் அடுக்குவார்கள். அதன் பாரத்திலேயே பாணி வடிந்து தரையில் வெட்டிய வாய்க்கால் வழியாகச் சாடிக்குள் போகும். அந்த அறைக்கு மத்பஸா என்று பெயர், பாணிக்குத் திப்ஸ். ஓமானின் நிஸ்வாக் கோட்டையில் அந்தப் பாணியைக் கொதிக்கவைத்துப் பகைவர் தலையில் ஊற்றினார்களாம். சமாதான காலத்தில் அதே பாணியை லுகைமாத் என்ற எண்ணெய்ப் பலகாரத்தின் மேல் ஊற்றித் தின்றார்கள். பனங்கட்டியும் பாணியும் காய்ச்சின எங்களுக்கு இது புதுமையில்லை.

அப்ப பெரிப்பழம்? ராஸ்பெரி, பிளாக்பெரி, புளூபெரி எல்லாம் குளிர்நாட்டுச் செடிகள். மாரியில் நல்ல குளிர் படாவிட்டால் அநேகமாகப் பூக்காது. வளைகுடா மண்ணில் அவை இருக்கவில்லை. ஆனால் அந்த மண்ணுக்கும் சொந்தக் காட்டுப்பழங்கள் உண்டு. அதற்குப் பிறகு வருகிறேன்.

எண்ணெய் முகாம்களும் குசினிகளும்

கொப்ளரை வளைகுடாவுக்குக் கொண்டு வந்தது எண்ணெய். 1932இல் பஹ்ரைனில் எண்ணெய் கிடைத்தது. 1933இல் சவூதி அரசு கலிபோர்ணியாக் கொம்பனி ஒன்றுடன் ஒப்பந்தம் செய்தது. 1938இல் தம்மாமின் ஏழாவது கிணறும், அதே வருடம் குவைத்தின் பூர்கானும் பொங்கின. அபுதாபி பிந்தித்தான் வந்தது. 1958இல் உம் ஷைஃப் கடலடியில் எண்ணெய் கண்டு, 1962இல் தாஸ் தீவில் இருந்து முதல் கப்பல் போனது.

கிணறு தோண்ட வந்த அமெரிக்கர் தங்கள் ஊரையும் கூடவே கொண்டு வந்தார்கள். சவூதியின் தஹ்ரானில் வேலி அடைத்து ஒரு அமெரிக்கச் சிற்றூரையே கட்டினார்கள். புல்தரை, குளிரூட்டி, பள்ளிக்கூடம், சாப்பாட்டு மண்டபம். பஹ்ரைனில் அவாலி, குவைத்தில் அஹமதி என்று வேறு கொம்பனி நகரங்களும் எழும்பின. தஹ்ரானில் அமெரிக்கருக்கு ஒரு முகாம், நடுத்தரத்தாருக்கு ஒன்று, அரபுத் தொழிலாளருக்கு இன்னொன்று என்று பிரிவு இருந்தது. 1945, 1953, 1956 ஆகிய ஆண்டுகளில் அங்கே நடந்த வேலைநிறுத்தங்களுக்கு அந்தப் பிரிவும் ஒரு காரணம்.

வெள்ளையருக்குச் சமைக்க யார் போனார்கள்? பம்பாய் வழியாக ஆள் எடுத்தார்கள். அப்படிப் போனவர்களில் கனபேர் கோவாக்காரர். போர்த்துக்கேயர் ஆட்சியில் இருந்தபடியால் ஐரோப்பியச் சமையல் அவர்கள் கைக்குப் பழக்கம். வளைகுடாவில் அப்போது இந்திய ரூபாய்தான் புழங்கியது. 1959இல் வளைகுடாவுக்கெனத் தனி ரூபாய் அடித்தார்கள், 1966 வரை பல ஷேக் நாடுகளில் அது ஓடியது. எண்ணெய்க் கொம்பனிகளின் வரலாறுகளில் பொறியியலாளர் பெயர் இருக்கும், ஷேக் பெயர் இருக்கும். குசினியில் நின்றவன் பெயரை நான் இன்னும் காணவில்லை.

1973இல் எண்ணெய் விலை ஏறின பிறகு எங்கட நாட்டாரும் போகத் தொடங்கினார்கள். முதலில் ஆண்கள், எண்பதுகளின் பின்பகுதியில் இருந்து கூடுதலாகப் பெண்கள். வீட்டு வேலைக்குப் போன எத்தனையோ சகோதரிகள் அரபு வீட்டுக் குசினிகளில் கேக்கும் புடிங்கும் செய்து கொடுத்து, அதில் வந்த பணத்தில் ஊரில் பிள்ளைகளைப் படிப்பித்தார்கள். 1990 ஆகஸ்ட் 2ஆம் திகதி ஈராக் குவைத்துக்குள் புகுந்தபோது அவர்களில் ஆயிரக்கணக்கானோர் உடுத்த உடுப்போடு ஜோர்தான் எல்லைப் பாலைவனக் கூடாரங்களில் போய்க் கிடந்தார்கள். அதுவும் ஒரு அகதி வாழ்க்கைதான். எங்கள் மலர்களில் அதை எழுதினவர்கள் குறைவு.

ருவைஸ் குசினியில் நான்

நான் போனது 1981இல். அப்போது எனக்கு 21 வயது. அபுதாபிக்கு மேற்கே ருவைஸ் என்ற இடத்தில் சுத்திகரிப்பு நிலையமும் தொழிற்சாலைகளும் எழும்பிக்கொண்டிருந்தன. அங்கே சாப்பாடு போடுகிற கொம்பனி ஒன்றில் குசினி உதவியாள் வேலை. விடியப்புறம் மூன்று மணிக்குப் போறணை மூட்ட வேணும். வெளியே 45 பாகை என்றால் உள்ளே அதற்கும் மேலே.

பெரிய குக் ஒரு கோவாக்காரர். அவருடைய தகப்பனும் பஹ்ரைனில் குசினி வேலை பார்த்தவராம். எனக்கு ஹிந்தி தெரியாது, இங்கிலிசும் அரைகுறை. முதல் நாள் அவர் ஒரு தட்டத்தைக் காட்டி என்னவோ கேட்டார். நான் தடுமாறி, "பாண்?" எண்டேன். மனுசன் நிமிர்ந்து பார்த்தார். தங்கள் ஊரிலும் கிட்டத்தட்ட அதுதான் சொல்லு எண்டு சிரித்தார். நானூறு வருசத்துக்கு முந்தி எங்களை ஆண்டவன் விட்டுப்போன சொல்லில்தான் எங்கட சிநேகிதம் தொடங்கினது.

வெள்ளிக்கிழமைகளில் பெரிய மெஸ்ஸில் கொப்ளர். ரெக்சஸ் பொறியியலாளர் அதற்கென்றே வருவார்கள். பழம் உறைய வைத்த பெட்டிகளில் வரும். அமெரிக்காவில் கிளாரன்ஸ் பேர்ட்ஸ்ஐ என்பவர் 1920களில் சாப்பாட்டை விரைவாக உறைய வைக்கும் முறையை உருவாக்கினார், 1930இல் கடைகளில் விற்பனை தொடங்கியது. மெதுவாக உறைந்தால் பழத்துக்குள் பெரிய பனிக்கட்டி ஊசிகள் உண்டாகி அதைக் கிழித்துவிடும். விரைவாக உறைந்தால் ஊசி சிறிது, பழமும் அவ்வளவாகச் சிதையாது. டுபாயில் 1972இல் றஷீத் துறைமுகமும் 1979இல் ஜெபல் அலியும் திறந்தபிறகு குளிர்க் கொள்கலன்கள் தாராளமாக வந்தன. அப்படித்தான் பனிநாட்டுப் பழம் பாலைவனத்துக்கு வந்தது.

மிஞ்சினால் எங்களுக்கும் ஒரு கரண்டி கிடைக்கும். கறுப்புச் சிவப்பாய் சாறு, புளிப்பு, மேலே பொருபொரு எண்டு மா. முதல் வாயில் எனக்கு நாவற்பழம்தான் ஞாபகம் வந்தது.

நபக் பழமும் சித்திரை வருடப்பிறப்பும்

1983 ஆடிக்கலவரச் செய்தி பி.பி.சி. தமிழோசையில் கேட்டோம். அதன் பிறகு வந்து சேர்ந்தவன் முள்ளியவளைத் தம்பி. என்னைவிட இரண்டு வயது இளமை. கெட்டிக்காரப் பெடியன், கை சுத்தம். மாவைப் பார்த்த மாத்திரத்தில் எவ்வளவு தண்ணி பிடிக்கும் எண்டு சொல்லுவான்.

முகாமுக்கு வெளியே ஒரு மரம் நின்றது. அரபியில் காஃப் என்பார்கள். மழை இல்லாத மணலிலும் பச்சையாய் நிற்கும். 2008இல் அதை ஐக்கிய அரபு அமீரகத்தின் தேசிய மரமாக்கினார்கள். தம்பி இலையை உருவிப் பார்த்துவிட்டு, "அண்ணை, இது எங்கட வன்னிமரம் அல்லோ" எண்டான். நான் நம்பவில்லை. ஜேர்மனிக்கு வந்து எத்தனையோ வருடத்துக்குப் பிறகு தாவரப் புத்தகம் ஒன்றில் பார்த்தேன். அவன் சொன்னது சரி. கோயில்களில் நவராத்திரி முடிவில் மானம்பூத் திருவிழாவுக்கு வேண்டிய அதே வன்னிமரம்.

1986 சித்திரை மாதம். அல் ஐன் பக்கத்துச் சாரதி ஒருவர் ஒரு பை நிறைய நபக் பழம் கொண்டு வந்து தந்தார். சித்ர் என்ற மரத்தின் பழம் அது. வாயில் போட்டதும் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தோம். இலந்தைப்பழம்! உண்மையில் இரண்டும் ஒரே இனத்து மரங்கள்தான். வருடப்பிறப்புக்கு மருத்துநீரும் இல்லை, கோயிலும் இல்லை. சித்திரை 14ஆம் திகதி இரவு, வேலை முடிந்தபிறகு, தம்பி நபக்கின் கொட்டையைக் கழற்றி, பேரீச்சம்பழம் நாலு வெட்டிப் போட்டு, பெட்டியில் மிஞ்சிய ஒரு பிடி பிளாக்பெரியும் கலந்து கொப்ளர் வைத்தான். பெரிய குக் கண்டும் காணாதமாதிரி இருந்தார். எங்கட ஆக்கள் பதினொரு பேர் சுற்றியிருந்து தின்றோம். மட்டக்களப்பு, மன்னார், ஹற்றன், யாழ்ப்பாணம் எல்லாரும் இருந்தார்கள். மூத்தவர் ஒருவர் எல்லாருக்கும் ஒவ்வொரு திர்ஹம் கைவிசேஷம் தந்தார்.

அப்போது நாங்கள் ஊர்க் காட்டுப்பழங்களை எண்ணிப் பார்த்தோம். பாலை, வீரை, உலுவிந்தை, நாவல், ஈச்சை, சூரை, காரை, இலந்தை. ஆளுக்கொரு பெயர் சொன்னார்கள். பாலைப்பழம் தின்றால் உதடு ஒட்டும், அதற்கு எண்ணெய் பூச வேணும் எண்டு தம்பி சொல்லச் சிரிப்பு. பின்னாளில் நான் படித்த இன்னொன்று: ஓமானின் பச்சை மலையான ஜெபல் அக்தரில் பூத் என்ற சிறு கறுப்புப் பழம் காட்டில் விளைகிறது, கோடையில் சந்தைக்கும் வரும். அதுவும் எங்கள் பாலைப்பழமும் ஒரே தாவரக் குடும்பம். இதை அன்றைக்குத் தெரிந்திருந்தால் தம்பி துள்ளியிருப்பான்.

பிரிவு

அதுதான் நாங்கள் கூடியிருந்த கடைசி வருடப்பிறப்பு. அந்த வருடம் எண்ணெய் விலை ஒரு பீப்பாய் 10 டொலர் மட்டத்துக்கு விழுந்தது. கொம்பனிகள் ஆள் குறைத்தன. வைகாசியில் எங்கள் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை. இரண்டு மாதச் சம்பளமும் வரவில்லை. கேட்கப் போன இடத்தில், விமானச் சீட்டு இருக்கிறது, ஊருக்குப் போகலாம் என்றார்கள்.

எந்த ஊருக்கு? அகதி எண்டு சொல்ல அங்கே வழியில்லை. வளைகுடாவின் ஆறு நாடுகளில் ஒன்றாவது 1951ஆம் ஆண்டின் அகதிகள் ஒப்பந்தத்தில் சேர்ந்த நாடு அல்ல. விசா கொடுத்தவன் கையெழுத்து இருக்கும்வரை இருக்கலாம். அது போனால் நாங்களும் போகவேண்டும். சங்க காலத்துப் பாலைத்திணையில் பொருள் தேடிப் பிரிந்து போனவன் திரும்பி வருவான் என்று வீட்டில் பார்த்திருப்பார்கள். எங்களுக்குப் போகவும் இடமில்லை, திரும்பவும் இடமில்லை.

நான் இருந்த காசைக் கொடுத்து கிழக்கு பேர்லின் வழியாக வந்தேன். ஷோனபெல்ட் விமான நிலையத்தில் இறங்கி, பிறீட்றிஸ்ஸ்ராச ரயில் நிலையத்தால் மேற்கே கடந்த கதை இந்த மலரை வாசிக்கிற கனபேருக்குத் தெரியும். அந்த வருட ஐப்பசியில் அந்த வழி அடைபட்டது. தம்பியையும் வரச்சொல்லிக் கேட்டேன். "அம்மா தனிய, அண்ணை. நான் போய்ப் பார்த்துக்கொண்டு வாறன்" எண்டான்.

அவன் வரவில்லை. கடிதம் வந்தது, பிறகு நின்றது, பிறகு வந்தது. 2002இல் ஏ-9 பாதை திறந்தபிறகு, 2003 ஆனி மாதம் நான் போனேன். முள்ளியவளையில் சின்ன வெதுப்பகம் ஒன்று வைத்திருந்தான். செங்கல் போறணை, பாலைவிறகு. பாணும் பணிசும் போடுவான். பாலைப்பழக் காலம் அது. காட்டில் பிடுங்கி வந்த பழத்தைப் போட்டு, மேலே மா வைத்து, போறணையில் கடைசிச் சூட்டில் ஒரு தட்டம் வைத்துத் தந்தான். வெந்த பாலைப்பழம் உதட்டில் அவ்வளவாக ஒட்டவில்லை. "பாத்தியளோ அண்ணை, எங்கட மிக்ஸ் பெரி" எண்டு சொன்னான். போகும்போது அளவுகளை ஒரு கொப்பித்தாளில் எழுதித் தந்தான். அந்தத் தாள் இப்போதும் என்னிடம் இருக்கிறது.

2009க்குப் பிறகு அவனைப்பற்றி ஒரு தகவலும் இல்லை. அவனுடைய அக்கா 2017இல் இருந்து முல்லைத்தீவில் காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவுகளோடு, தம்பியின் படத்தை மடியில் வைத்துக்கொண்டு இருக்கிறா. ரெலிபோன் எடுத்தால் முதற்கேள்வி, "ஏதும் அறிஞ்சனீங்களோ?" என்பதுதான். எனக்குச் சொல்ல ஒன்றும் இருக்காது.

செய்முறை (ஆறு பேருக்கு)

தம்பியின் தாளில் உள்ளதை இங்கே கிடைக்கும் சாமானுக்கு மாற்றித் தருகிறேன்.

பழத்துக்கு: உறைய வைத்த கலப்புப் பெரிப்பழம் 750 கிராம், சீனி 100 கிராம், சோளமா 2 மேசைக்கரண்டி, அரைத் தேசிக்காய்ச் சாறு. விரும்பினால் பேரீச்சம்பழம் நாலு சிறிதாய் வெட்டிப் போடலாம். அப்போது சீனியைக் கொஞ்சம் குறையுங்கள்.

மேல்மாவுக்கு: கோதுமை மா 200 கிராம், பேக்கிங் பவுடர் 2 தேக்கரண்டி, சீனி 50 கிராம், உப்பு ஒரு சிட்டிகை, குளிர்ந்த பட்டர் 80 கிராம், பால் அல்லது மோர் ஏறக்குறைய 130 மில்லிலீற்றர்.

போறணையை 190 பாகைக்குச் சூடாக்குங்கள். பழத்தை இளக விடவேண்டாம், முதலே இளகினால் சாறெல்லாம் ஓடிவிடும். உறைந்தபடியே சீனி, சோளமா, தேசிப்புளி பிரட்டித் தட்டத்தில் போட்டு, மா வைக்காமல் 15 நிமிடம் உள்ளே வையுங்கள். கீழே பழம் குளிராய் இருந்தால் மேலே மா சிவந்தாலும் அடிப்பக்கம் பச்சையாய் நிற்கும். பெரிய குக் எனக்குக் குட்டிச் சொல்லித் தந்த பாடம் இது.

அதற்கிடையில் மா, பேக்கிங் பவுடர், சீனி, உப்பைக் கலந்து, பட்டரை விரல் நுனியால் உதிர்த்து, புட்டுமா மாதிரி வந்ததும் பாலை விட்டுச் சேர்த்தெடுங்கள். பிசையக் கூடாது. பிசைந்தால் றொட்டி மாதிரி இறுகிவிடும். கரண்டியால் அள்ளிப் பழத்தின்மேல் இடைவெளி விட்டு வையுங்கள், ஆவி போக வழி வேணும். இன்னும் 30 முதல் 35 நிமிடம் வேகட்டும். மா பொன்னிறமாகி, நடுவிலும் சாறு தடிப்பாய்க் கொதித்துக் குமிழ் விட்டால் சரி. கொதிக்காவிட்டால் சோளமா வேகாது, சாறு தண்ணியாய் நிற்கும். எடுத்து 15 நிமிடம் ஆறவிட்டுச் சாப்பிடுங்கள்.

முடிவாக

இன்றைக்கு டுபாய்க் கடைகளில் பெருவில் இருந்தும் தென்னாபிரிக்காவில் இருந்தும் விமானத்தில் வந்த புதுப் புளூபெரி கிடைக்கிறது. அபுதாபியிலேயே குளிரூட்டிய கூடாரங்களில் அதை வளர்க்கவும் தொடங்கிவிட்டார்கள். நாங்கள் பெட்டியோடு பெட்டியாகக் குளிரறையில் தூக்கினதை யாரும் நினைக்கப் போவதில்லை. ஆகையால் நாங்கள்தான் எழுதி வைக்க வேணும்.

பேத்தி கடைசியில் தன் தாளில் ஜேர்மன் மொழியில் எழுதினதை எனக்கு வாசித்துக் காட்டினாள். இது அமெரிக்கர் தொடங்கி, கோவாக்காரர் ஒருவர் என் அப்பப்பாவுக்குப் பழக்கி, முள்ளியவளையில் ஒரு மாமா திருத்தி எழுதின பலகாரம், அந்த மாமாவை நாங்கள் இன்னும் தேடுகிறோம் என்று எழுதியிருந்தாள். நாலு வரிதான். நான் இத்தனை பக்கத்தில் சொன்னது அதற்குள் இருந்தது.

வளைகுடாவில் வேலை செய்த சகோதர சகோதரிகள் எங்கள் சங்கத்தில் இன்னும் பலர் இருக்கிறீர்கள். எந்தக் குசினியில், எந்த முகாமில், யாரோடு நின்றீர்கள், கூட நின்றவர்கள் பிறகு என்ன ஆனார்கள் என்பதை ஒரு தாளில் எழுதி அடுத்த மலருக்குத் தாருங்கள். எழுத்துப் பிழையைப் பற்றி யோசிக்க வேண்டாம், சங்கத்துத் தம்பிமார் திருத்துவினம். அனைவருக்கும் என் இனிய புத்தாண்டு வாழ்த்துக்கள்.